1.35-ஆ, 1.85-ஆ: கொளத்தூர் குடும்பம் ஒன்றின் செலவு விகிதக் கணக்கு

கொளத்தூரில் சொந்த ஃபிளாட்டில் வசிக்கும் குடும்பம். கணவருக்கு வயது 42, அம்பத்தூர் தொழிற்பேட்டையில் வேலை. மனைவி தனியார் பள்ளி ஆசிரியை. மகள் ஏழாம் வகுப்பு. கையிருப்பு: மூன்று மியூச்சுவல் ஃபண்டுகளில் ரூ.12 லட்சம், 2021 மார்ச்சில் எடுத்த ஒரு யூலிப் (ஆயுள் காப்பீட்டோடு சந்தை முதலீடும் சேர்ந்த பாலிசி), பழைய எண்டோவ்மென்ட் பாலிசி (காப்பீட்டோடு சேமிப்பும் சேர்ந்தது) ஒன்று, குடும்பம் முழுவதற்கும் சேர்த்து ரூ.10 லட்சத்துக்கு ஃபேமிலி ஃப்ளோட்டர் மருத்துவக் காப்பீடு. 2026 ஜனவரியில் அலுவலகத்துக்கு வரிச்சலுகைக் காகிதங்களை எடுத்து வைக்கும்போது மனைவி கேட்டார்: "ஏங்க, இந்த நாலுலயும் நம்மகிட்ட வருஷத்துக்கு எவ்வளவு பிடிக்கிறாங்க?" அந்தக் கேள்விக்கு ரூபாயில் பதில் கண்டுபிடிப்பதுதான் இந்த ஆய்வு. குடும்பம், தொகைகள், கட்டண அட்டவணை எல்லாம் விளக்கத்துக்காக அமைத்தவை. விதிகளும் உச்சவரம்புகளும் வரி விகிதங்களும் 2026 ஜனவரியில் நடப்பில் இருந்தவை.

யூலிப் ஒரு வங்கிக் கிளையில் விற்கப்பட்டது. எஃப்டியைப் புதுப்பிக்கப் போனவரிடம் சொன்ன வாதம் இது: "சார், மியூச்சுவல் ஃபண்டுல ரெண்டு பர்சென்ட் வரைக்கும் பிடிப்பாங்க. இதுல வெறும் 1.35 தான். அதுக்கு மேல பிடிக்க ரூல்ஸே கிடையாது." சொன்ன எண்கள் இரண்டும் சரி, ஒப்பீடு தவறு. இந்தக் குடும்பத்தின் லார்ஜ் கேப் மியூச்சுவல் ஃபண்டின் செலவு விகிதமான 1.85 என்பது அந்தத் திட்டத்தை நடத்துவதற்கான கட்டணம், விநியோகஸ்தர் கமிஷன், பதிவாளர் கட்டணம், தணிக்கை எல்லாம் சேர்ந்த தொகை. யூலிப்பின் 1.35 என்பது அந்தப் பாலிசியில் கழியும் நான்கு கட்டணங்களில் ஒன்று மட்டும்.

எந்தச் சதவீதத்தைக் காட்டினாலும் முதலில் கேட்க வேண்டியது, எதில் இத்தனை சதவீதம் என்பதைத்தான். ஃபண்டில் அது மொத்த சொத்து மதிப்பின் மேல், ஆண்டுதோறும். யூலிப்பில் ஒரு பகுதி பிரீமியத்தின் மேல், ஒரு பகுதி மாதம் இத்தனை ரூபாய் என்று, ஒரு பகுதி ஆயுள் காப்பீட்டுத் தொகையைப் பொறுத்து, மீதி சொத்து மதிப்பின் மேல். மருத்துவக் காப்பீட்டு நிறுவனத்தின் செலவு விகிதமோ அந்த நிறுவனம் ஓர் ஆண்டில் வசூலித்த மொத்தப் பிரீமியத்தின் மேல். மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எது குறைவு என்று பார்த்தால் தப்பான விடைதான் வரும். ரூபாயாக மாற்றிய பிறகே ஒப்பிட வேண்டும்.

மியூச்சுவல் ஃபண்ட்: தினமும் 28 ரூபாய்

குடும்பத்திடம் இருப்பது மூன்றும் ரெகுலர் பிளான், அதாவது விநியோகஸ்தர் வழியாக வாங்கியவை. ஃப்ளெக்சி கேப் ஃபண்டில் ரூ.6 லட்சம், செலவு விகிதம் 1.70%. லார்ஜ் கேப்பில் ரூ.4 லட்சம், 1.85%. நிஃப்டி 50 இண்டெக்ஸ் ஃபண்டில் ரூ.2 லட்சம், 0.60%. ஆண்டுச் செலவு முறையே ரூ.10,200, ரூ.7,400, ரூ.1,200. மொத்தம் ரூ.18,800. அதாவது 12 லட்சத்தில் 1.57%.

இந்தப் பணத்துக்கு யாரும் ரசீது தருவதில்லை. ஆண்டு விகிதத்தை 365-ஆல் வகுத்து, அன்றன்றைய சொத்து மதிப்பில் கழித்த பிறகே என்ஏவி (ஒரு யூனிட்டின் விலை) அறிவிக்கப்படுகிறது. ஃப்ளெக்சி கேப்பை மட்டும் எடுத்தால்: 6,00,000-ல் 1.70%, அதை 365-ஆல் வகுத்தால் நாளுக்கு ரூ.27.95. யூனிட் விலை ரூ.85 என்றால் ஒரு யூனிட்டுக்குத் தினமும் 0.4 காசு. சனி, ஞாயிறு, பொங்கல் விடுமுறைக்கும் சேர்த்துத்தான். சந்தை ஏறினாலும் இறங்கினாலும் கழியும்.

ஃபண்டின் விவர அறிக்கையான ஃபேக்ட்ஷீட்டில் காட்டும் கடந்தகால வருமானம் இந்தச் செலவு போன பிறகு உள்ளது. அதிலிருந்து மறுபடி 1.70-ஐக் கழித்துப் பார்ப்பவர்கள் உண்டு. அது ஒரே செலவை இரண்டு முறை எண்ணுவது.

நிறுவனம் இஷ்டத்துக்கு வசூலிக்க முடியாது. 2019 ஏப்ரல் முதல் 2026 மார்ச் வரை அமலில் இருந்த, பங்குச்சந்தை ஒழுங்குமுறை அமைப்பான செபியின் அடுக்கு முறையில் திறந்தநிலை ஈக்விட்டி திட்டங்களுக்கு முதல் ரூ.500 கோடிக்கு 2.25%, அடுத்த 250 கோடிக்கு 2.00%, அடுத்த 1,250 கோடிக்கு 1.75%, அடுத்த 3,000 கோடிக்கு 1.60%, அடுத்த 5,000 கோடிக்கு 1.50% என்று இறங்கிக்கொண்டே போனது. ரூ.2,000 கோடி கொண்ட திட்டம் இந்தக் கணக்கில் சராசரியாக 1.91% வரை வசூலிக்க முடிந்தது, ரூ.10,000 கோடி கொண்டது 1.61% வரை. நிர்வாகக் கட்டணத்தின் மேலான ஜிஎஸ்டி இதற்கு வெளியே. பெரிய ஃபண்டில் விகிதம் குறைவாக இருப்பதற்கு இந்த அடுக்கே முதல் காரணம். நிர்வாகத் திறமைக்கும் அதற்கும் தொடர்பு இல்லை.

இந்த முறையை மாற்றும் புதிய விதிகளுக்கு 2025 டிசம்பரில் செபி வாரியம் ஒப்புதல் தந்தது, நடைமுறை 2026 ஏப்ரல் 1 முதல். ஜிஎஸ்டி, பங்குப் பரிவர்த்தனை வரி, முத்திரைக் கட்டணம் போன்ற அரசு வரிகளைத் தனியே பிரித்து, மீதியை அடிப்படைச் செலவு விகிதம் என்று காட்ட வேண்டும். இண்டெக்ஸ் ஃபண்டுகளுக்கான உச்சவரம்பு 1.00-லிருந்து 0.90 ஆகிறது. இதில் வாசகர் கவனிக்க வேண்டிய இடம் ஒன்று உண்டு. மார்ச் மாத எண்ணையும் ஏப்ரல் மாத அடிப்படை விகிதத்தையும் ஒப்பிட்டால் செலவு சட்டென்று குறைந்தது போலத் தெரியும். பெரும்பகுதி, வரிகள் வேறு வரிசைக்குப் போனதுதான். வரி சேர்ந்த மொத்தத்தை மொத்தத்தோடு ஒப்பிட வேண்டும்.

இதே மூன்று திட்டங்களின் டைரக்ட் பிளானில், அதாவது விநியோகஸ்தர் இல்லாமல் நேரடியாக வாங்கினால், விகிதம் 0.70, 0.95, 0.20. ஆண்டுச் செலவு ரூ.8,400. அதே மேலாளர், அதே பங்குகள். வித்தியாசம் ரூ.10,400, அது விநியோகஸ்தர் கமிஷன். டைரக்ட் பிளான் 2013 ஜனவரி 1 முதல் எல்லாத் திட்டங்களிலும் இருக்கிறது. ஆரம்பத்திலேயே மொத்தமாகத் தரும் கமிஷனை 2018 அக்டோபரில் செபி நிறுத்திவிட்டதால், இப்போது முதலீடு இருக்கும் வரை ஆண்டுதோறும் கமிஷன் போய்க்கொண்டிருக்கும்.

எவ்வளவு போனது என்பதை ஊகிக்க வேண்டியதில்லை. செப்டம்பர், மார்ச் முடிவில் மின்னஞ்சலுக்கு வரும் அரையாண்டு ஒருங்கிணைந்த கணக்கு அறிக்கையில் திட்டவாரியாக விநியோகஸ்தருக்குத் தந்த தொகை ரூபாயில் இருக்கும், அந்த அரையாண்டின் சராசரி செலவு விகிதமும் இருக்கும். இந்தக் குடும்பத்தின் அறிக்கையில் அந்தக் கட்டத்தில் ரூ.5,000-ஐ ஒட்டிய தொகை இருந்தது. அறிக்கையின் கடைசிப் பக்கங்கள் என்பதால் இதுவரை யாரும் படிக்கவில்லை.

15 ஆண்டில் இந்த வித்தியாசம் என்ன ஆகும்? செலவுக்கு முன் ஆண்டுக்கு 11% வளர்ச்சி என்று வைத்துக்கொள்வோம். அது கணக்குக்கான அனுமானம், உத்தரவாதம் அல்ல. ரூ.12 லட்சம் ரெகுலரில் சுமார் ரூ.46.37 லட்சம், டைரக்டில் சுமார் ரூ.52.22 லட்சம். இடைவெளி ரூ.5.85 லட்சம்.

கமிஷன் என்றாலே வீண் என்று சொல்லிவிட முடியாது. 2020 மார்ச்சில் சந்தை சரிந்தபோது விற்க வேண்டாம் என்று பிடித்து நிறுத்தியவர், வாரிசு நியமனத்தையும் வங்கி மாற்றத்தையும் வீட்டுக்கு வந்து முடித்துக் கொடுப்பவர் ஆண்டுக்கு ரூ.10,400 வாங்குவது நியாயமே. இங்கே விநியோகஸ்தர் கடைசியாகத் தொடர்பு கொண்டது எஸ்ஐபி (மாதத் தவணை முதலீடு) தொடங்கிய ஆண்டில். அதனால் டைரக்டுக்கு மாறுவது என்று முடிவானது.

யூலிப்: 1.35-க்கு வெளியே இருக்கும் மூன்று

ஆண்டுப் பிரீமியம் ரூ.1,20,000. காப்பீட்டுத் தொகை அதன் 10 மடங்கு, ரூ.12 லட்சம். நான்காம் பாலிசி ஆண்டின் அறிக்கையைப் பிரித்துப் பார்த்தபோது கிடைத்தது இது.

பிரீமியம் உள்ளே வந்ததும் 4% ஒதுக்கீட்டுக் கட்டணம், ரூ.4,800. அதன் மேல் அப்போதிருந்த 18% ஜிஎஸ்டி ரூ.864. ஆக ரூ.5,664 போக மீதி ரூ.1,14,336-க்குத்தான் யூனிட் வாங்கப்பட்டது. அடுத்து பாலிசி நிர்வாகக் கட்டணம் மாதம் ரூ.250, வரியோடு ஆண்டுக்கு ரூ.3,540. மூன்றாவது, இறப்புக் காப்பீட்டுக் கட்டணம். இது ரூ.12 லட்சம் முழுவதற்கும் இல்லை. ஃபண்ட் மதிப்பு போக நிறுவனம் தன் கையிலிருந்து தர வேண்டியிருக்கும் தொகைக்குத்தான். ஃபண்டில் சராசரி ரூ.5 லட்சம் இருந்தால் அந்தத் தொகை ரூ.7 லட்சம். ஆயிரத்துக்கு ரூ.2.10 வீதம் ரூ.1,470, வரியோடு ரூ.1,735. நான்காவதுதான் அந்தப் பிரபலமான 1.35% ஃபண்ட் நிர்வாகக் கட்டணம். வரியோடு 1.593%, ரூ.7,965.

மொத்தம் ரூ.18,904. ரூ.5 லட்சத்தில் 3.78%. இறப்புக் காப்பீட்டுக் கட்டணத்துக்கு உண்மையான பாதுகாப்பு கிடைக்கிறது, அதை முதலீட்டுச் செலவில் சேர்க்கக் கூடாது. அதை விலக்கினாலும் ரூ.17,169, அதாவது 3.43%. மியூச்சுவல் ஃபண்டின் 1.85-க்கு எதிரே வைக்க வேண்டிய எண் இது.

இது கண்ணில் படாமல் போவதற்குக் காரணம், கட்டணங்கள் வெவ்வேறு இடத்தில் கழிவதுதான். என்ஏவிக்குள் கழிவது நான்காவது மட்டுமே. இரண்டாவதும் மூன்றாவதும் மாதந்தோறும் யூனிட்களை ரத்து செய்து எடுக்கப்படுகின்றன. இந்தப் பாலிசியில் மாதம் ரூ.295-ம் ரூ.145-ம் சேர்த்து ரூ.440. யூனிட் விலை ரூ.22 என்றால் ஒவ்வொரு மாதமும் 20 யூனிட் காணாமல் போகும். ஆகவே விளம்பரத்தில் "ஐந்தாண்டில் ஆண்டுக்கு இத்தனை சதவீதம்" என்று வருவது ஃபண்டின் வருமானம், பாலிசிதாரரின் வருமானம் அல்ல. மியூச்சுவல் ஃபண்டில் இரண்டும் ஒன்று. யூலிப்பில் இல்லை. இதைப் புரிந்துகொள்ளாமல் இரண்டையும் ஒரே வரைபடத்தில் போட்டுக் காட்டுவது மிகவும் தவறான விற்பனை முறை.

பாலிசி வாங்கும் முன்பே உண்மைச் செலவைத் தெரிந்துகொள்ள ஒரு வழி இருக்கிறது. கையெழுத்து வாங்கும் பலன் விளக்கப் பட்டியலில் 4%, 8% என்று இரண்டு அனுமானங்கள் இருக்கும். 8% பகுதியில் இறப்புக் காப்பீட்டுக் கட்டணமும் வரியும் தவிர்த்த மற்றக் கட்டணங்கள் போக நிகர வருமானம் எத்தனை சதவீதம் என்று அச்சிட்டிருக்கும். 8-லிருந்து அதைக் கழித்தால் வருவதுதான் ஆண்டுச் செலவு. காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமான ஐஆர்டிஏஐ 2010 செப்டம்பரில் இதற்குக் கடிவாளம் போட்டது. இந்தக் குறைவு ஐந்தாம் ஆண்டு முடிவில் 4.00%, பத்தாம் ஆண்டில் 3.00%, 15 ஆண்டும் அதற்கு மேலும் 2.25% தாண்டக் கூடாது. இறப்புக் காப்பீட்டுக் கட்டணமும் வரியும் இந்த வரம்பில் சேராது. இந்த வரிசை ஏன் இறங்குகிறது என்று பார்த்தாலே யூலிப்பின் அமைப்பு புரியும். செலவு முன்பக்கமாகக் குவிந்திருக்கிறது. சீக்கிரம் வெளியேறுபவர் தலையில்தான் அது முழுதாக விழும். ஒதுக்கீட்டுக் கட்டணமே இல்லாத ஆன்லைன் யூலிப்களும் இப்போது உண்டு, அவற்றுக்கு இந்தக் கணக்கைத் தனியே போட வேண்டும்.

2025 செப்டம்பர் 22 முதல் தனிநபர் ஆயுள், மருத்துவக் காப்பீடுகளுக்கு ஜிஎஸ்டி கிடையாது, யூலிப்பும் அதில் அடங்கும். அதே நான்காம் ஆண்டை வரியில்லாமல் போட்டால் இறப்புக் காப்பீட்டுக் கட்டணம் நீங்கலாக ரூ.14,550, 2.91%. அரைச் சதவீதம் மிச்சம்.

இனிமேல் எவ்வளவு?

இந்த இடத்தில்தான் பெரும்பாலான ஆலோசனைகள் தடம் மாறுகின்றன. 3.43% என்ற எண்ணைப் பார்த்ததும் சரண்டர் செய்துவிடுங்கள், அதாவது பாலிசியைப் பாதியில் முடித்துப் பணத்தை வாங்கிவிடுங்கள் என்று சொல்லிவிடுகிறார்கள். ஆனால் அது போன செலவு. சரண்டர் செய்தாலும் திரும்பி வராது. முடிவுக்குத் தேவையானது ஆறாம் ஆண்டிலிருந்து என்ன ஆகும் என்பது.

ஆறாம் ஆண்டில் ஒதுக்கீட்டுக் கட்டணம் இந்தப் பாலிசியில் 2% ஆகக் குறைகிறது, ரூ.2,400. நிர்வாகக் கட்டணம் ரூ.3,000. சராசரி ஃபண்ட் மதிப்பு ரூ.8 லட்சத்தில் 1.35% ரூ.10,800. ஆக ரூ.16,200, 2.03%. ஃபண்ட் ரூ.20 லட்சத்தைத் தொடும்போது, அதாவது 11-ஆம், 12-ஆம் ஆண்டு வாக்கில், அதே கட்டணங்கள் ரூ.32,400, 1.62% ஆகிவிடும். அப்போது ஃபண்ட் மதிப்பு காப்பீட்டுத் தொகையைத் தாண்டிவிடுவதால் இறப்புக் காப்பீட்டுக் கட்டணமும் இருக்காது.

மாற்று வழி: 2026 மார்ச்சில் பணத்தை எடுக்க முடியாத ஐந்தாண்டு லாக்-இன் முடிந்ததும் சரண்டர் செய்து, சுமார் ரூ.6.7 லட்சத்தையும் இனி கட்ட வேண்டிய பிரீமியத்தையும் 0.70% செலவுள்ள டைரக்ட் ஃபண்டில் போடுவது. முதல் ஆண்டில் மிச்சம் ரூ.10,600. பத்து ஆண்டு மிச்சங்களை 10% வளர்ச்சியோடு சேர்த்தால் சுமார் ரூ.2.75 லட்சம். இதுவரை சரண்டர்தான் ஜெயிக்கிறது.

வரியைப் போட்டதும் படம் மாறுகிறது. 2021 பிப்ரவரி 1-க்குப் பிறகு எடுத்த யூலிப் என்றாலும் ஆண்டுப் பிரீமியம் ரூ.2.5 லட்சத்துக்குள் இருப்பதால், வருமான வரிச் சட்டப்படி முதிர்வுத் தொகைக்கு வரி இல்லை. ஈக்விட்டி ஃபண்டிலோ ஓர் ஆண்டுக்கு மேல் வைத்திருந்து விற்றால், நிதியாண்டில் ரூ.1.25 லட்சம் போக மீதி லாபத்துக்கு 12.5% வரி, அதன் மேல் 4% செஸ். பத்து ஆண்டு கழித்துச் சேரும் சுமார் ரூ.36.5 லட்சத்தில் லாபம் ரூ.17.8 லட்சம். 1.25 லட்ச விலக்கை மற்ற மூன்று ஃபண்டுகளே தின்றுவிடும் என்பதால் இதற்கு வரி சுமார் ரூ.2.3 லட்சம். ஆகப் பத்து ஆண்டில் நிகர லாபம் 45,000 ரூபாய் அளவுக்குத்தான். ஆண்டுதோறும் விலக்கு வரம்புக்குள் லாபத்தைப் பதிவு செய்து மறுபடி முதலீடு செய்யும் ஒழுங்கு இருந்தால் கொஞ்சம் கூடும். இடையில் ஒரு வருடம் பிரீமியப் பணம் வேறு செலவுக்குப் போனால் மொத்தமும் போய்விடும்.

இந்தப் பாலிசியை 2021-ல் எடுத்திருக்கக் கூடாது என்பது தெளிவு. 2026-ல் உடைப்பதற்கு அவ்வளவு வலுவான காரணம் இல்லை என்பதும் அதே அளவு தெளிவு. தொடர்வது என்று முடிவு செய்தார்கள். ஆண்டுப் பிரீமியம் ரூ.2.5 லட்சத்தைத் தாண்டியிருந்தாலோ, ஒதுக்கீட்டுக் கட்டணம் 4 சதவீதத்திலேயே நின்றிருந்தாலோ விடை நேர்மாறாக வந்திருக்கும்.

ஐந்தாண்டுக்குள் நிறுத்துவது இதிலும் மோசம். பணம் கைக்கு வராது, நிறுத்தப்பட்ட பாலிசி ஃபண்டுக்குப் போய், லாக்-இன் முடியும் வரை குறைந்தபட்சம் 4% வட்டியில் கிடக்கும். பாலிசி கைக்கு வந்த 30 நாளுக்குள் வேண்டாம் என்று திருப்பித் தரும் உரிமைதான் மலிவான வாசல். அந்த 30 நாளில்தான் பலன் விளக்கப் பட்டியலை நிதானமாகப் படிக்க வேண்டும்.

எண்டோவ்மென்ட்டில் விகிதமே இல்லை

பழைய எண்டோவ்மென்ட் பாலிசியின் எந்தப் பக்கத்திலும் செலவு விகிதம் கிடைக்காது. போனஸ் தரும் பாலிசிகளில் நிறுவனத்தின் செலவும் கமிஷனும் பாலிசிதாரர்களின் பொது நிதியில் கழிந்த பிறகுதான் போனஸ் அறிவிக்கப்படுகிறது. அங்கே பின்பக்கமாகத்தான் கணக்குப் போட முடியும். எக்செலில் 20 வரிசைகளில் மைனஸ் 50,000, இருபத்தொன்றாம் வரிசையில் எதிர்பார்க்கும் முதிர்வுத் தொகை 18,40,000. ஐஆர்ஆர் (ஆண்டு வருமான விகிதம்) சூத்திரம் தரும் விடை 5.5%. இதே தவணை 7.1% தரும் பிபிஎஃப் போன்ற ஒன்றில் 20 ஆண்டில் சுமார் ரூ.22.2 லட்சம் ஆகும். அந்த ரூ.3.8 லட்சத்தில் ஆயுள் காப்பீட்டின் விலையும் இருக்கிறது, நிர்வாகச் செலவும் இருக்கிறது. இரண்டையும் பிரித்துக் காட்ட வழியில்லை. இந்தக் குடும்பத்தின் பாலிசிக்கு இன்னும் மூன்று தவணைதான் பாக்கி, கட்டி முடிப்பதே சரி.

மருத்துவக் காப்பீடு: வேறு கணக்கு, வேறு கேள்வி

ஃப்ளோட்டர் பிரீமியம் ரூ.32,000. மருத்துவக் காப்பீடு மட்டும் செய்யும் நிறுவனங்கள் மொத்தப் பிரீமியத்தில் 35% வரை, மற்ற பொதுக் காப்பீட்டு நிறுவனங்கள் 30% வரை கமிஷன் உட்பட நிர்வாகச் செலவுக்குப் பயன்படுத்தலாம் என்பது ஐஆர்டிஏஐ வகுத்த வரம்பு. கணவர் இதைப் படித்துவிட்டுக் கேட்டார்: "அப்போ நம்ம 32,000-ல 11,200 அவங்க செலவுக்கா? ஃபண்டே ரெண்டு பர்சென்ட்தானே எடுக்குது?"

கோபம் புரிகிறது. ஆனால் இரண்டும் ஒரே வகை எண் அல்ல. ஃபண்டின் 2% சேர்ந்துகொண்டே போகும் தொகையின் மேல் ஒவ்வோர் ஆண்டும் திரும்பத் திரும்பக் கழிகிறது. காப்பீட்டின் 35% அந்த ஆண்டுப் பிரீமியத்தின் மேல் ஒரே ஒரு முறை. அதில் சேமிப்பு எதுவும் இல்லை, அந்த ஓராண்டுப் பாதுகாப்புக்கான விலை அது. மருத்துவமனை வலைப்பின்னல், பணமில்லாச் சிகிச்சைக்கு அனுமதி தரும் மருத்துவர் குழு, இழப்பீட்டைச் சரிபார்ப்பவர்கள் எல்லோருடைய சம்பளமும் அந்தச் செலவுக்குள்தான் வருகிறது.

இங்கே பார்க்க வேண்டியது கூட்டு விகிதம். 100 ரூபாய் பிரீமியத்தில் இழப்பீட்டுக்கு 68, செலவுக்கு 33 போனால் கூட்டு விகிதம் 101. காப்பீட்டுத் தொழிலில் அந்த நிறுவனம் 100-க்கு ஒரு ரூபாய் நட்டத்தில் ஓடுகிறது, முதலீட்டு வருமானத்தில் ஈடுகட்டுகிறது. தொடர்ந்து பல ஆண்டு 100-க்கு மேலேயே நின்றால் அடுத்த புதுப்பிப்பில் பிரீமியம் ஏறும் என்று எதிர்பார்க்கலாம். செலவு விகிதம் அதிகமாகவும் இழப்பீட்டு விகிதம் 50-ஐ ஒட்டியும் இருக்கும் நிறுவனம், வாங்கிய பிரீமியத்தில் பாதியளவைத்தான் வாடிக்கையாளர்களுக்கு இழப்பீடாகத் திருப்பித் தருகிறது. அதைத் தவிர்க்கலாம்.

இந்த எண்கள் எல்லாம் ஒவ்வொரு நிறுவனத்தின் இணையதளத்திலும் பொது வெளியீடுகள் என்ற பகுதியில் காலாண்டு வாரியாக உண்டு. பொதுக் காப்பீட்டுக்கு என்எல்-20, ஆயுள் காப்பீட்டுக்கு எல்-22 என்ற பகுப்பாய்வு விகிதப் படிவம். ஒரு காலாண்டை மட்டும் பார்க்கக் கூடாது. மழைக்காலக் காய்ச்சல் பரவும் காலாண்டில் இழப்பீடு ஏறி, அடுத்ததில் இறங்கும். மூன்று ஆண்டு மார்ச் முடிவுகளை வரிசையாக வைத்துப் பார்க்க வேண்டும். ஆயுள் நிறுவனத்தின் படிவத்தில் 13-ஆம் மாத, 61-ஆம் மாத நீடிப்பு விகிதங்களையும் (அந்த மாதம் வரை பாலிசியைத் தொடர்பவர்கள் எத்தனை சதவீதம் என்பது) சேர்த்துப் பாருங்கள். அவை குறைவாக இருந்தால், முன்பக்கச் செலவைக் கட்டிவிட்டு நடுவில் கழன்றுகொண்டவர்கள் நிறைய என்று பொருள்.

இந்தக் குடும்பத்துக்கு மருத்துவப் பாலிசியில் மாற்றம் எதுவும் தேவைப்படவில்லை. ஜிஎஸ்டி நீங்கியதால் 2025-26 புதுப்பிப்பில் ரூ.5,760 குறைந்தது. வரி நீங்கியதோடு நிறுவனங்களுக்கு உள்ளீட்டு வரி வரவும் (தாங்கள் கட்டிய ஜிஎஸ்டியை ஈடுகட்டிக்கொள்ளும் சலுகை) நின்றுவிட்டதால், அடுத்தடுத்த ஆண்டுகளில் அடிப்படைப் பிரீமியம் ஏறுகிறதா என்பதைக் கவனிக்க வேண்டும்.

செய்தது, செய்த வரிசை

முதல் வேலை செலவு விகிதத்தைச் சேர்ந்ததே அல்ல. யூலிப்பின் ரூ.12 லட்சமும் எண்டோவ்மென்ட்டின் சிறு தொகையும்தான் இந்த வீட்டின் மொத்த ஆயுள் காப்பீடு. வீட்டுக் கடனும் ஏழாம் வகுப்பு மகளும் இருக்கும் வீட்டுக்கு அது போதாது. அதனால் கணவர் பெயரில் ரூ.1 கோடிக்கு டேர்ம் பாலிசி (சேமிப்பு இல்லாத, வெறும் ஆயுள் காப்பீடு). மருத்துவப் பரிசோதனை முடிந்து பாலிசி ஆவணம் கைக்கு வரும் வரை வேறு எதையும் தொடவில்லை.

அடுத்தது எஸ்ஐபி. மாதம் ரூ.15,000 தவணையை டைரக்ட் பிளானில் புதிதாகப் பதிவு செய்து, முதல் தவணை போனதை உறுதி செய்த பிறகு பழையதை நிறுத்தினார்கள். மாறும் மாதத்தில் இரண்டு தவணைக்கும் வங்கியில் இருப்பு வைத்தார்கள். பழையதை முதலில் நிறுத்தினால் புதிய வங்கி ஒப்புதல் தாமதமாகி இரண்டு மூன்று மாதம் முதலீடே இல்லாமல் போகும்.

பழைய யூனிட்களை மாற்றுவது விற்பனைக்குச் சமம். ஒரே நிறுவனத்துக்குள் ரெகுலரிலிருந்து டைரக்டுக்கு ஸ்விட்ச் போட்டாலும் வரி உண்டு. ரூ.12 லட்சத்தில் லாபம் ரூ.4 லட்சம். ஒரே ஆண்டில் மாற்றினால் செஸ் சேர்த்து வரி ரூ.35,750. ஆண்டு மிச்சமான 10,400-ஐ வைத்துப் பார்த்தால் அதை ஈடுகட்டவே மூன்றரை ஆண்டு பிடிக்கும். அதனால் பிரித்தார்கள். லார்ஜ் கேப்பில் லாபம் ரூ.1.2 லட்சம், விலக்குக்குள் அடங்கும். ஆண்டு மிச்சம் ரூ.3,600. அது மார்ச் கடைசி வாரத்துக்கு. ஃப்ளெக்சி கேப்பில் லாபம் ரூ.2.2 லட்சம், மிச்சம் ரூ.6,000. அதில் ரூ.1.25 லட்சம் லாபம் வரும் அளவுக்கு ஏப்ரல் முதல் வாரம், மீதி அடுத்த ஏப்ரல். இண்டெக்ஸ் ஃபண்டில் மிச்சம் ஆண்டுக்கு ரூ.800 மட்டும், அவசரமே இல்லை, அது கடைசியில்.

எத்தனை யூனிட் விற்றால் எவ்வளவு லாபம் என்பதில் நிறையப் பேர் சறுக்குகிறார்கள். முதலில் வாங்கியது முதலில் விற்றதாகக் கணக்கு. பழைய யூனிட்டில் லாபம் அதிகம் என்பதால், பாதி மதிப்பை விற்றால் பாதி லாபம் என்று நினைத்தால் வரம்பு தாண்டிவிடும். ஃபண்டுகளின் பதிவாளரான கேம்ஸ் தரும் மூலதன லாப அறிக்கையில் யூனிட் வாரியாகப் பார்த்துவிட்டு எண்ணிக்கையைக் கொடுத்தார்கள். கடைசிப் 12 மாதங்களில் வாங்கிய யூனிட்களைத் தொடவில்லை. அவற்றுக்கு 20% குறுகிய கால வரி, வெளியேறும் கட்டணமும் இருக்கலாம். புதிய டைரக்ட் ஃபோலியோவில் நாமினி பெயர் பழையதிலிருந்து தானாக வரும் என்று நம்பாமல் பதிவாகியிருக்கிறதா என்று சரிபார்த்தார்கள்.

டைரக்டுக்கு மாறியவர்கள் இண்டெக்ஸ் ஃபண்டில் 0.20-ஐ மட்டும் பார்த்து நின்றுவிடக் கூடாது. ஃபண்ட் பின்பற்றும் நிஃப்டி 50 குறியீடு தந்த வருமானத்துக்கும் ஃபண்ட் தந்த வருமானத்துக்கும் உள்ள இடைவெளியைப் பார்க்க வேண்டும். 0.15% விகிதம் கொண்ட ஃபண்ட் 0.20% கொண்டதைவிட அதிகமாகப் பின்தங்குவது நடக்கும். வேறு ஃபண்டுகளில் முதலீடு செய்யும் ஃபண்டுகளில், மேலே காட்டும் விகிதத்தோடு உள்ளே இருக்கும் ஃபண்டின் செலவும் சேருமா என்பதை அடிக்குறிப்பில்தான் எழுதியிருப்பார்கள்.

கட்டண அட்டவணைக்கு மேல் கழிந்திருந்தால் முதலில் நிறுவனத்தின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு எழுத்தில் புகார். 30 நாளில் பதில் இல்லை அல்லது திருப்தியில்லை என்றால் காப்பீட்டுக்குத் தேனாம்பேட்டை அண்ணா சாலையில் இருக்கும் காப்பீட்டு குறைதீர்ப்பாளர் அலுவலகம். தமிழ்நாடு, புதுச்சேரி நகரம், காரைக்கால் அதன் எல்லை, ரூ.50 லட்சம் வரை தீர்ப்பளிக்கலாம், கட்டணம் இல்லை, வக்கீலும் வேண்டாம். ஃபண்ட் பற்றியது என்றால் செபியின் ஸ்கோர்ஸ் என்ற புகார்த் தளம். "கட்டணம் அதிகம்" என்று பொதுவாக எழுதினால் எடுபடாது. எந்த மாதம், எந்தக் கட்டணம், ஆவணத்தில் எவ்வளவு, கழிந்தது எவ்வளவு, எத்தனை யூனிட் என்று எழுத வேண்டும்.

அடுத்த சரிபார்ப்பை 2027 ஏப்ரலுக்கு வைத்திருக்கிறார்கள். ஃப்ளெக்சி கேப்பின் மீதி யூனிட்களை மாற்றும் அதே வாரத்தில் யூலிப்பின் ஆண்டு அறிக்கையை எடுத்து, இறப்புக் காப்பீட்டுக் கட்டணம் நீங்கலான மொத்தக் கழிவைச் சராசரி ஃபண்ட் மதிப்பால் வகுப்பார்கள். ஆறாம் ஆண்டுக்கு 2.03, ஃபண்ட் ரூ.10 லட்சமாகும் ஏழாம் ஆண்டுக்கு 1.89 என்று வர வேண்டும். அதற்கு மேல் வந்தால் எந்தக் கட்டணம் கூடியது என்று வரிவரியாகப் பார்த்து நிறுவனத்துக்குக் கடிதம்.